கண் சிமிட்டும் படம்: மூன்று கலைஞர்களும் ஒரு பழைய தொலைக்காட்சியும்

பதினெட்டு வருடமாகக் கல்யாண வீடியோ எடுக்கிறேன். மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டிலும் சுற்றுத் தோட்டங்களிலும் என் கேமராவின் மேல் அட்சதை விழாத கல்யாணம் குறைவு. அந்தத் தொழிலில் கற்றதில் பாதியை மறந்தால்தான், ஊர்க் கலைஞர்களின் முகங்களைப் படமெடுக்கும் இந்த வேலை நடக்கும் என்பது புரியவே எனக்கு இரண்டு மாதம் பிடித்தது.

எங்கள் ஊர் வரலாற்றுப் புத்தகங்களில் இரண்டு காரணங்களுக்காக வரும். 1948 ஜூன் 16 அன்று இங்குள்ள தோட்டங்களில் மூன்று ஐரோப்பியத் துரைமார்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதையொட்டி அறிவிக்கப்பட்ட அவசரகாலம் 1960 வரை நீடித்தது. மற்றொன்று, மலேசிய இந்தியர் காங்கிரசின் தலைவராகவும் அமைச்சராகவும் இருந்த துன் சம்பந்தன் இந்த ஊர்க்காரர். கோயில் கோபுரத்துப் பொம்மைகளுக்கு வண்ணம் தீட்டிக் கண் திறக்கும் பெரியவரைப் பற்றி எந்தப் புத்தகத்திலும் ஒரு வரி இருக்காது. அவருடைய முகம் பதிவாகியிருப்பது அடையாள அட்டையில் மட்டும்தான், அதுவும் தேய்ந்துபோயிற்று. ஒரு கல்யாணத்தில் அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்ததைத் தற்செயலாக எடுத்திருந்தேன். படத்தொகுப்பின்போது அந்தப் பத்து நொடியைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். மாப்பிள்ளை வீட்டார் அதை வெட்டச் சொன்னார்கள். வெட்டினேன். ஆனால் அழிக்கவில்லை.

அதிலிருந்து வந்த யோசனைதான் இது. ஊரில் இருக்கும் கலைஞர்களை ஒவ்வொருவராக உட்காரவைத்து, அசையாத கேமராவில் மூன்று நிமிடம் அவர்கள் முகத்தை மட்டும் எடுப்பது. பேட்டி கிடையாது, பின்னணி இசை கிடையாது. எடுத்ததைச் செங்குத்தாக நிறுத்திய தொலைக்காட்சியில் ஓயாமல் ஓடவிடுவது.

இது என் கண்டுபிடிப்பு அல்ல. நியூயார்க்கில் ஆண்டி வார்ஹோல் 1964 முதல் 1966 வரை தன் ஸ்டூடியோவுக்கு வந்த ஓவியர்கள், கவிஞர்கள், நடிகர்கள் என்று பலரையும் இப்படித்தான் உட்காரவைத்து எடுத்தார். அவற்றில் 472 சுருள்கள் மிஞ்சியிருக்கின்றன. ஒவ்வொன்றும் 100 அடி நீளமுள்ள 16 மில்லிமீட்டர் சுருள், சத்தம் கிடையாது. 100 அடியில் 4,000 சட்டகம், அதாவது தனித்தனிப் படம். நொடிக்கு 24 சட்டகம் என்று எடுத்தால் 2 நிமிடம் 46 நொடியில் சுருள் தீர்ந்துவிடும். ஆனால் காட்டும்போது நொடிக்கு 16 சட்டகமாகக் குறைத்து ஓட்டினார். அப்போது அது நான்கு நிமிடத்துக்கு மேல் நீளும். மெதுவாக்கியிருக்கிறார்கள் என்று பார்ப்பவருக்குச் சட்டென்று தெரியாது. இமை மூடித் திறப்பது மட்டும் சற்றுக் கனமாகத் தெரியும். எனக்கு அந்தக் கனம் வேண்டியிருந்தது.

முதலில் வழக்கம்போல நொடிக்கு 50 சட்டகம் எடுத்து 25 ஆக ஓட்டினேன். பாதி வேகம். மணப்பெண் படி இறங்கி வரும் காட்சிக்குப் பொருத்தம், முகத்துக்கு ஆகவில்லை. உட்கார்ந்திருக்கும் மனிதர் ஏதோ துயரச் செய்தியைக் கேட்டுக்கொண்டிருப்பவர்போல ஆகிவிட்டார். மூன்றில் இரண்டு பங்கு வேகம்தான் சரியான அளவு. அதை எப்படிக் கொண்டுவருவது என்று காகிதத்தில் கணக்குப் போட்டேன். நொடிக்கு 30 சட்டகம் எடுத்து, 20 ஆக ஓட்டினால் அதே விகிதம். தொலைக்காட்சித் திரை நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படுவதால் ஒவ்வொரு சட்டகமும் சரியாக மூன்று முறை காட்டப்படும்; துள்ளல் வராது. கைவீசி நடப்பவரை இப்படிக் காட்டினால் விட்டுவிட்டுத் தெரியும். உட்கார்ந்திருக்கும் முகத்துக்குப் போதும். மூன்று நிமிடம் எடுத்தது நான்கரை நிமிடமாக நின்றது.

படப்பிடிப்புக்கு என் வீட்டு முன்னறைதான். பழைய தோட்டத்து வீட்டுச் சாயல், தகரக் கூரை, வடக்குப் பக்கம் ஒரு பெரிய ஜன்னல். சுவரெல்லாம் அந்தப் பழைய பச்சை வண்ணம், எப்போதோ அடித்தது. நேரம் காலை ஒன்பது. மாலை நான்கு மணிக்கு மேல் எங்கள் பக்கம் மழையை நம்ப முடியாது. தகரத்தில் விழும் சத்தம் பிரச்சினை இல்லை, ஒளிதான் நிமிடத்துக்கு நிமிடம் மாறும்.

சோதனைக்கு என் தம்பியை உட்காரவைத்தேன். வந்த குறைகளை எழுதிவைத்த தாள் இன்னும் இருக்கிறது.

படத்தின் குறுக்கே மங்கலான பட்டைகள் ஓடின. கூரையில் இருந்த எல்இடி குழல்விளக்குதான் காரணம். நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். மலிவான விளக்கு நொடிக்கு 100 முறை கூடிக் குறையும். ஷட்டரை 1/60இலிருந்து 1/50க்கு மாற்றியதும், ஒவ்வொரு சட்டகமும் இரண்டு முழுத் துடிப்புகளை வாங்கிக்கொண்டு பட்டை போய்விட்டது. கடைசியில் விளக்கையே அணைத்துவிட்டேன், அது வேறு விஷயம்.

தானியங்கிக் குவியத்தை நம்பியது அடுத்த தவறு. அவன் மூச்சு விடும்போது உடம்பு முன்பின்னாக அசைந்தது. லென்சும் அதைத் துரத்திக்கொண்டு முன்பின்னாகப் போனது. முகம் வீங்கி வடிவதுபோல் தெரிந்தது. என் கேமராவின் உணரி நடுத்தர அளவு. 50 மில்லிமீட்டர் லென்சில், ஒன்றரை மீட்டர் தூரத்தில், எஃப் 1.8 என்ற அகலத் துவாரத்தில் தெளிவாக விழுவது ஆறேழு சென்டிமீட்டர் ஆழம்தான். மூக்கு தெளிவென்றால் காது மங்கல். துவாரத்தைச் சிறிதாக்கி எஃப் 4க்கு வந்தபோது அது ஏறக்குறைய பதினான்கு சென்டிமீட்டர் ஆனது. தானியங்கியை அணைத்து, கேமராவுக்கு அருகில் உள்ள கண்ணில் கையால் குவியம் வைத்தேன். அதற்குப் பிறகு தொடவில்லை.

பிறகு ஒரு வேடிக்கை. மூன்று நிமிடத்தில் தம்பியின் முகம் மெல்ல மெல்ல மேலே ஏறியது. அவன் நிமிர்கிறான் என்று நினைத்தேன். இல்லை. செங்குத்தாக எடுப்பதற்காகக் கேமராவை முக்காலியின் தலையில் பக்கவாட்டில் சாய்த்திருந்தேன். லென்சின் கனத்தில் அடித்தட்டுத் திருகு நூலளவாகச் சுழன்று லென்ஸ் தாழ்ந்துகொண்டிருந்தது. திருகை எவ்வளவு இறுக்கினாலும் இதே கதை. ஹார்ட்வேர் கடையில் அலுமினிய மூலைப்பட்டை ஒரு துண்டு வாங்கி, வெட்டி, துளைபோட்டு, கேமராவின் பக்கத்தையும் அடியையும் அணைக்கும் தாங்கி ஒன்று செய்தேன். இப்போது கேமரா தொங்குவதில்லை, நிற்கிறது. கடையில் விற்கும் தாங்கி இதைவிட அழகாக இருக்கும். இது எட்டு வெள்ளி (ரிங்கிட்).

ஒளி அளவை மட்டும் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். நம் நிறத்துக்குத் தானியங்கி ஒளியளவு ஆகாது. பின்னால் வெளிர் சுவர் இருந்தால் முகத்தைக் கரியாக்கும். கறுத்த முகம் சட்டகத்தை நிறைத்தால், இருட்டு என்று எண்ணிக்கொண்டு வெளுக்கவைத்துச் சாம்பல் பூசும். கல்யாண வேலையில் எல்லோரையும் இரண்டு படி வெளுப்பாக்கித்தான் கொடுக்கிறோம். கேட்டு வாங்குகிறார்கள், நானும் கொடுக்கிறேன், அதில் பெருமை ஒன்றும் இல்லை. இங்கே அதைச் செய்யவில்லை. நெற்றியின் வியர்வை மினுக்கம் வெளிறாமல் இருக்கும் அளவுக்குக் கையால் குறைத்து வைத்தேன். ஜன்னலுக்கு எதிர்ப்பக்கம் வெள்ளைப் படுக்கைவிரிப்பைத் தொங்கவிட்டேன். கறுத்த முகத்தின் வடிவம் அந்த மினுக்கங்களில்தான் இருக்கிறது. கன்ன எலும்பில் ஒரு கோடு, மூக்கின் ஓரத்தில் ஒன்று. அவை போனால் முகம் தட்டையாகிவிடும்.

பச்சைச் சுவரை என்னால் வெல்ல முடியவில்லை. கேமராவுக்குப் பின்னால் இருக்கும் சுவர் ஜன்னல் வெளிச்சத்தை வாங்கி முகத்தில் திருப்பி அடித்தது. வெள்ளைத் தாளை முகத்தருகே பிடித்து, அது வெள்ளையாகவே தெரியும்படி நிறச்சமனைப் பூட்டியபோது பாதி சரியானது. தாடைக்குக் கீழே ஒரு பாசி நிறம் மட்டும் தங்கிவிட்டது. போகட்டும் என்று விட்டேன்.

முதலில் உட்கார்ந்தவர் வண்ணம் தீட்டும் பெரியவர். வெள்ளைச் சட்டை, திருநீறு, கடவுச்சீட்டுப் படத்துக்கு உட்காருவதுபோல் நிமிர்ந்த முதுகு.

"என்ன செய்ய வேண்டும் தம்பி?"

"ஒன்றும் செய்ய வேண்டாம் ஐயா. மூன்று நிமிடம் உட்கார்ந்தால் போதும். கண் சிமிட்டலாம்."

"இதற்கா இவ்வளவு சாமான்?"

முதல் நிமிடம் முழுக்கக் கடவுச்சீட்டுதான். இரண்டாவது நிமிடத்தில் அவர் பார்வை லென்சைவிட்டு மேலே போனது. புருவம் சுருங்கியது. உதடு ஒரு பக்கம் இழுபட்டது. அப்புறம் தலையை இலேசாகச் சாய்த்து, ஒரு கண்ணைப் பாதி மூடி, எதையோ அளந்தார். கோபுரத்துச் சாரத்தின் மேல் நின்று அவர் அப்படிப் பார்ப்பதைச் சிறுவயதில் கீழேயிருந்து பார்த்திருக்கிறேன். என்ன பார்த்தார் என்று கேட்க நினைத்து, தேநீர் போடப்போய் மறந்துவிட்டேன்.

அடுத்தவர் உருமி அண்ணன், உருமி மேளம் வாசிப்பவர். வாரநாளில், எண்ணெய் எடுக்கும் செம்பனைக் குலைகளை ஏற்றும் லாரி ஓட்டுகிறார். தைப்பூசத்துக்கு ஈப்போ கல்லுமலை முருகன் கோயிலில் அவர் குழு இல்லாமல் சில காவடிகள் நகராது.

"உருமி இல்லாமல் உருமிக்காரனா? நாளைக்கு யாராவது இவன் கடன் வாங்கி ஓடிப்போனவன் என்று நினைத்தால்?" என்றார். நியாயம்தான். எடுத்துவரச் சொன்னேன். வளைந்த குச்சி தோலில் உரசி அந்த உறுமல் எழுந்ததுமே ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது, பக்கத்து வீட்டு நாய் பதில் சொன்னது, அண்ணன் மேடைக்குப் போய்விட்டார். கேமராவுக்கென்று புன்னகை, கேமராவுக்கென்று கழுத்தசைப்பு. பார்க்க நன்றாகவே இருந்தது. ஆனால் அதுபோல ஆயிரம் காணொளிகள் ஏற்கெனவே உண்டு.

கலைஞரைத் தொழில் செய்யவைத்து எடுப்பது தனி வகை. அதற்கு ஒரு விலையும் உண்டு. 1950இல் ஹான்ஸ் நமுத் என்ற புகைப்படக்காரர் அமெரிக்க ஓவியர் ஜாக்சன் பொல்லாக்கைக் கண்ணாடிப் பலகையின் மேல் வரையவைத்துக் கீழேயிருந்து படமெடுத்தார். வாரக்கணக்கில் நிறுத்து, தொடங்கு, மறுபடியும் செய் என்று வேலை நடந்தது. கடைசி நாள் படப்பிடிப்பு முடிந்ததும் பொல்லாக் வீட்டுக்குள் போய், இரண்டு ஆண்டாகத் தொடாமலிருந்த மதுவைக் குடிக்கத் தொடங்கினார். கேமராதான் காரணம் என்று ஒரேயடியாகச் சொல்லிவிட முடியாது. ஆனாலும் 'மறுபடியும் ஒருமுறை செய்யுங்கள்' என்று சொல்ல வாயெடுக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கண்ணாடிப் பலகை நினைவுக்கு வருகிறது.

அண்ணனோடு ஓர் உடன்பாடு செய்துகொண்டேன். உருமி தோளில் தொங்கட்டும்; அடிக்க வேண்டாம்; சட்டகம் மார்போடு நிற்கும். வார் மட்டும் தெரியும். அந்தக் கனம் வலது தோளை இழுக்க, அவர் அறியாமலே கழுத்து மறுபக்கம் சாய்ந்து ஈடுகட்டியது. இருபது வருடத் தைப்பூசம் அந்தச் சாய்வில் இருந்தது. விரல்கள் கீழே ஏதோ தாளம் போட்டிருக்க வேண்டும். படத்தில் அது தொண்டைக்குழியில் ஒரு சிறு துடிப்பாக மட்டும் தெரிகிறது.

மூன்றாவது, பாட்டி. ஐந்து மணிப் பெரட்டுக்கு (தோட்டத்து ஆள் கணக்கெடுப்புக்கு) எழுந்து நெற்றி விளக்கோடு பால்மரம் வெட்டிய காலத்தவர். இப்போது மரமும் இல்லை, தொழிலாளர் குடியிருந்த லயமும் இல்லை, எல்லாம் செம்பனை. சுற்று வட்டாரத்தில் ஒப்பாரிக்கு இன்னும் கூப்பிடுவது இவரைத்தான். உட்காருவதற்கு முன் என்னிடம் கேட்டார்:

"யார் செத்தது?"

"யாரும் இல்லை பாட்டி. பாட வேண்டாம். சும்மா உட்கார்ந்தால் போதும்."

"சும்மா உட்கார எனக்குப் பழக்கம் இல்லையே, ஐயா."

ஆனால் உட்கார்ந்தார். மூன்று நிமிடம் ஆனதும் நான் சொன்னேன், கேட்காததுபோல் இருந்துவிட்டார். ஐந்து. எட்டு. மேகம் ஒன்று ஜன்னலைக் கடந்தபோது அவர் முகம் முழுக்க இருண்டு, பிறகு கழுத்துச் சுருக்கங்கள் ஒவ்வொன்றாக வெளிச்சத்துக்கு வந்தன. ஒளியளவைத் தொடாமல் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். பதினொன்றாவது நிமிடத்தில் "போதும்" என்று எழுந்து முந்தானையை உதறினார். மற்ற இருவருக்கும் முடிவை நான் வைத்தேன்; பாட்டி தன் முடிவைத் தானே வைத்தார். முழுவதையும் வைத்துக்கொண்டேன்.

காட்டுவதற்கு நண்பரின் ஒட்டுக்கடை, அதாவது சிறிய சாப்பாட்டுக்கடை. பழைய 32 அங்குலத் தொலைக்காட்சி 180 வெள்ளிக்குக் கிடைத்தது. நிமிர்த்தி நிறுத்தியதும் ஒரு குறை தெரிந்தது. இந்த வகை மலிவுத் திரைகளில் மேலிருந்தும் கீழிருந்தும் பார்த்தால்தான் நிறம் கெடும். திரையைத் திருப்பியதும் அந்தக் கெடுதல் இடம்வலமாகிவிட்டது. இடப்பக்கம் இருந்து பார்த்தால் பெரியவரின் கன்னம் படச்சுருள் நெகட்டிவ்போல் தெரிந்தது. திரையை மாற்றப் பணம் இல்லை. நாற்காலிகளை வலப்பக்கம் மாற்றினேன். மரச்சட்டத்தில் பின்பக்கம் இரண்டு அங்குலம் இடைவெளி விட்டேன், காற்றுத் துளைகள் மூடிக்கொள்ளாமல் இருக்க.

படத்தை ஓட்டுவது ராஸ்பெரி பை என்னும் உள்ளங்கை அளவுக் கணினி. கோப்பு முடிந்து மறுபடி தொடங்கும் இடத்தில் கறுப்பாக ஒரு வெட்டு மின்னியது. மூன்று பேரையும் ஒரே கோப்பாக இணைத்ததும் அது சுற்றுக்கு ஒருமுறையாகக் குறைந்தது. வெட்டும் இடங்களைத் தேடிக் கண் மூடியிருக்கும் சட்டகங்களில் வைத்தேன். ஒருவர் கண் மூட, அடுத்தவர் கண் திறப்பார். கல்யாணத் தொகுப்பில் இருபது மாற்று வித்தைகள் வைத்திருக்கிறேன். ஒன்றுகூட இதற்கு ஈடாகவில்லை.

இரண்டாவது வாரம் திரை இருண்டது. நண்பர் இரவில் கடையை மூடும்போது முதன்மைச் சுவிட்சை அப்படியே அணைக்கிறார். எழுதிக்கொண்டிருந்த நேரத்தில் மின்சாரம் போய் நினைவட்டை கெட்டுவிட்டது. 'ஒழுங்காக அணையுங்கள்' என்று அவரிடம் சொல்வதில் பயனில்லை. கணினி அட்டையிலிருந்து வாசிக்க மட்டும் செய்யும், எழுதாது என்று அமைப்பை மாற்றினேன். அதற்குப் பிறகு எத்தனை முறை அணைத்தாலும் எழுந்துகொள்கிறது.

இதெல்லாம் சின்னக் குறைகள். பெரிய குறை நான் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. திரையைச் சுவரில், கடைக்காரரின் காலமான அப்பா படத்துக்கு அருகில், அதே உயரத்தில் மாட்டியிருந்தேன். முதல் நாள் காலையிலேயே ஒருவர் செருப்பைக் கழற்றிவிட்டுப் பெரியவரைக் கும்பிட்டார். மதியத்துக்குள் பெரியவரின் மருமகளுக்கு மூன்று தொலைபேசி அழைப்புகள். எப்போது நடந்தது, எடுப்பது எத்தனை மணிக்கு. மாலையில் பெரியவரே தே தாரிக் (இழுத்து ஆற்றிய பால் தேநீர்) குடிக்க வந்து தன் படத்துக்குக் கீழே உட்கார்ந்தபோது கடை ஒரு கணம் அமைதியானது. படத்தில் அவர் கண் சிமிட்டியதும் ஒரு சிறுவன் வீறிட்டு அழுதான்.

நம் வீடுகளில் சட்டம் போட்டு, செங்குத்தாக, தலைக்கு மேல் மாட்டிய ஒற்றை முகம் என்றால் அதற்கு ஒரே பொருள்தான். வடக்கு ஜன்னல், ஷட்டர், சட்டகக் கணக்கு என்று அத்தனையும் பார்த்தவன், ஆணி அடிக்கும் உயரத்தை யோசிக்கவில்லை.

வழி சொன்னது பாட்டிதான். தன் முறை திரையில் வரும்வரை நின்று பார்த்துவிட்டு, "அங்கே இருந்தால் நான் எனக்கே ஒப்பாரி வைக்க வேண்டியதுதான். இறக்கு. நாற்காலியில் உட்காரவை" என்றார்.

இறக்கினேன். ஒரு பிளாஸ்டிக் நாற்காலியின் கைப்பிடிகளை அறுத்து, பலகை வைத்து முடுக்கி, திரையை அதில் நிறுத்தி மேசையின் ஒரு முனைக்குத் தள்ளினேன். திரையில் உள்ள கண், உட்கார்ந்திருப்பவரின் கண்மட்டத்துக்கு வரும்படி அளந்தேன். தரையிலிருந்து 115 சென்டிமீட்டர். தலையும் நிஜத் தலையின் அளவுக்கு வரும்படி படத்தைச் சிறிது சுருக்கினேன். மறுநாளிலிருந்து யாரும் கும்பிடவில்லை. எதிரே உட்கார்ந்து நாசி லெமாக் (தேங்காய்ப்பால் சோறு) பொட்டலத்தைப் பிரிக்கிறார்கள். உருமி அண்ணன் திரையில் இருக்கும்போது ஒருவர் செம்பனை விலையைப் பற்றி அவரிடம் புலம்பிக்கொண்டிருந்தார். அண்ணன் தோளைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

பெரியவர் தன் படத்தை நான்கு முறை பார்த்தார். ஐந்தாவது நாள் என்னிடம் வந்து, "அந்தச் சுவரை அடித்தது யார்?" என்றார்.

"எந்தச் சுவர் ஐயா?"

"உன் கேமராவுக்குப் பின்னால் இருக்கிறதே. மேல் மூலையில் அடிப்பூச்சு இல்லாமல் அடித்து, பெயர்ந்து தொங்குகிறது. என் முகத்தையே கெடுத்துவிட்டான்."

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்குச் சுரண்டுதகட்டோடும் வாளியோடும் வந்துவிட்டார். பச்சையைப் பற்றி நான் சொல்ல வேண்டியிருக்கவில்லை. படத்தில் தன் தாடைக்குக் கீழே இருந்த நிறத்தை அவரே கண்டுபிடித்திருந்தார். சாம்பல் கலந்த வெள்ளை, அவரே குழைத்தது. மூலையைச் சுரண்டி, அடிப்பூச்சு கொடுத்து, இரண்டு கை அடித்தார். கூலி பேசியதற்குக் கோபித்துக்கொண்டார். தே தாரிக்குக்கு ஒத்துக்கொண்டார்.

வாசம் போக ஜன்னலைத் திறந்து வைத்திருக்கிறேன். புதன்கிழமை காலை ஒன்பதுக்கு மாலை கட்டும் அக்கா வருகிறார். சுவர் அதற்குள் காய்ந்துவிடும் என்கிறார் பெரியவர், மழை ஒத்துழைத்தால்.